சிறப்பு விருந்தினரின் பந்து

ஸ்டான்லியின் முழங்கால்களைப் பார்த்தவர்கள் அவனை விளையாட்டு வீரன் என்று சொல்ல மாட்டார்கள். பெரிய பக்திமான் என்றுதான் சொல்வார்கள். சொல்லியும் இருக்கிறார்கள். சிங்கப்பெருமாள் கோயிலில் ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கும் சின்ன சர்ச்சில், ஒரு ஞாயிற்றுக்கிழமை அரைக்கால் சட்டையோடு அவசரமாக வந்து கடைசி வரிசையில் நின்றவனைப் பார்த்துப் போதகர் பிரசங்கத்தையே நிறுத்திவிட்டார்.

"அந்தத் தம்பி முட்டியப் பாருங்க. காய்ச்சுப் போயிருக்கு! எத்தன நேரம் முழங்கால்ல நின்னு ஜெபம் பண்ணியிருந்தா இப்படி ஆவும்?"

சபை மொத்தமும் திரும்பி முட்டியைப் பார்த்தது. இரண்டு பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். அவன் மனைவி ஜெனிட்டா வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டு தலையைக் குனிந்தாள். அவளுக்குச் சிரிப்பு வந்தால் ஊருக்கே கேட்கும். ஸ்கேன் சென்டரில் டோக்கன் நம்பர் கூப்பிடும் வேலை. மைக் இல்லாமலே மூன்றாவது மாடிவரை போகும் குரல்.

ஸ்டான்லி ஜெபம் பண்ணி முட்டியைக் காய்க்க வைக்கவில்லை. அவன் ஃப்ளோர்பால் கோல்கீப்பர்.

ஃப்ளோர்பால் என்று ஓர் ஆட்டம் இருக்கிறது. ஹாக்கிக்குக் கூரை போட்டு, புல்லைப் பிடுங்கி எறிந்துவிட்டு வழவழவென்று தரை போட்டு, மட்டையையும் பந்தையும் பிளாஸ்டிக்கில் செய்தால் அதுதான். பந்து முழுக்க ஓட்டை ஓட்டையாக இருக்கும். பக்கத்துக்கு ஆறு பேர். ஐந்து பேர் கையில் மட்டை. ஆறாவது ஆள் கோல்கீப்பர். அவனுக்கு மட்டை கிடையாது. வலைக்கு முன்னால் முட்டி போட்டுக்கொண்டு, வருகிற பந்தை வெறுங்கையாலோ நெஞ்சாலோ முகத்தாலோ, கடவுள் கொடுத்த எந்த உறுப்பாலோ தடுக்க வேண்டும். வெளிநாடுகளில் இதை ஆயிரக்கணக்கானவர்கள் டிக்கெட் எடுத்துப் பார்க்கிறார்களாம்.

நம் நாட்டில் இதைக் கட்டிக் காப்பது 'பாரத உள்ளரங்கத் தரைப்பந்து மகாசம்மேளனம்'. அது நடத்துவது 'தேசிய உச்சப் பிரிவு ஆடவர் ஃப்ளோர்பால் லீக்'. தொழிற்பேட்டையில் பாரம் தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் வண்டி ஓட்டும் ஸ்டான்லி அந்த லீகில் மூன்று சீசனாக ராஜஸ்தான் அணியின் கோல்கீப்பர்.

ராஜஸ்தானா என்று கேட்காதீர்கள். தேசிய லீக் என்றால் மாநிலங்கள் வேண்டாமா? காஷ்மீர் அணி செங்கல்பட்டுப் பழைய பஸ் ஸ்டாண்டிலிருந்து ஷேர் ஆட்டோவில் வரும். பஞ்சாப் அணி முழுக்கப் பொத்தேரி ஹாஸ்டல் பையன்கள். அசாம்காரர்கள் மதுராந்தகத்தில் ரயிலேறுவார்கள். ஏரிக்கரைக் காற்றில் வளர்ந்தவர்கள் என்பதால் அசாமுக்குப் பொருத்தமானவர்கள் என்று தேர்வுக் குழு கருதியது. இதைப் பற்றி ஒருமுறை யாரோ கேட்டபோது, மகாசம்மேளனத்தின் பொதுச் செயலாளர் ஜானகிராமன் நிதானமாகப் பதில் சொன்னார்.

"வெளி மாநிலத்துலேர்ந்து ஆள் வந்தா அது வெறும் பிரயாணம். செங்கல்பட்டுக்காரனையே காஷ்மீர்காரனா மாத்தினா அதுதான் தேசிய ஒருமைப்பாடு."

ஜானகிராமன் கத்திரி வெயிலிலும் நீல நிற பிளேசரோடு இருப்பார். அதைக் கழற்றி யாரும் பார்த்ததில்லை. லீகை அவர் நடத்தும் முறையும் அப்படிப்பட்டதுதான், கழற்றிப் பார்க்க முடியாது. லீக் சுற்று ஆட்டங்கள் எல்லாம் செயற்குழுவில் நடக்கும். செயற்குழு கூடும், சுண்டல் காபி வரும், முடிவுகள் ஒருமனதாக நிறைவேறும். அசாமை ராஜஸ்தான் நான்குக்கு மூன்று என்று வீழ்த்திய செய்தியை ஸ்டான்லி ஃபோர்க்லிஃப்டில் உட்கார்ந்தபடி வாட்ஸ்அப்பில் படித்துத் தெரிந்துகொண்டான். சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆனால் அந்த மூன்று கோலைத் தான் எப்படிக் கோட்டை விட்டோம் என்று நினைத்து நினைத்து அன்றைக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

இறுதி ஆட்டம் மட்டும் மக்கள் முன்னிலையில் நடக்கும். அதாவது நடப்பதாக இருக்கும். முதல் சீசனில், வாழ்த்துரை முடிவதற்குள் மண்டபத்துக்காரர் வந்து விளக்கை அணைத்துவிட்டார். இரண்டாவது சீசனில், சிறப்பு விருந்தினர் ஒரு காதுகுத்துக்குப் போக வேண்டியிருந்ததால் பரிசளிப்பை முதலில் வைத்துக்கொண்டார்கள்; கோப்பையைக் கொடுத்த பிறகு ஆடுவானேன் என்று எல்லோரும் பிரியாணிக்குப் போய்விட்டார்கள். மூன்றாவது சீசனில் பந்தைக் கொண்டுவர மறந்துவிட்டார்கள். அதைச் சாயங்காலம்வரை யாரும் கவனிக்கவில்லை.

ஆக, மூன்று சீசன், ஒரு சாம்பியன் பட்டம், இரண்டு முறை கூட்டுச் சாம்பியன். ஸ்டான்லியை நோக்கி ஆட்டத்தில் ஒரு பந்துகூட வந்ததில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் செங்கல்பட்டு பஜாரில் ஒரு காம்ப்ளெக்ஸின் அடித்தள பார்க்கிங்கில், அவன் நண்பன் ஜுனைத் அடிக்க இவன் தடுத்துப் பழகுவான். ஜுனைத் செல்போன் கடைக்காரன். காஷ்மீர் அணியின் கேப்டன். கவசம் போட்டும் முட்டி காய்த்தது பாதி அந்த சிமென்டுத் தரையில். மீதிப் பாதி வாழ்த்துரைகளில்.

நான்காவது சீசன் இறுதி ஆட்டத்துக்கு ராஜஸ்தானும் காஷ்மீரும் ஒருமனதாகத் தகுதி பெற்றன. ஸ்டான்லி ஆவலாக வீட்டில் சொன்னான். ஜெனிட்டா காய்ந்த துணியை மடித்துக்கொண்டிருந்தாள்.

"மேட்ச்சா? நீ போயி முட்டி போட்டுகினு கெடப்ப. எவனாவது பேசுவான். திரும்பி வந்து முட்டிக்குத் தைலம் தேய்ச்சுவுடுன்னுவ. அதான?"

"இந்த வாட்டி நெசமா ஆடுவாங்க ஜெனி."

"போன வாட்டியும் இதத்தான் சொன்ன. எங்க வூட்ல மாப்ள இன்னா பண்றாருன்னு கேட்டா, நேஷனல் பிளேயர்னு சொல்றேன். எத்தினி பந்து புடிச்சாருன்னு எங்க அண்ணன் கேக்குது. நா இன்னா சொல்ல? ராஜஸ்தான்ல பந்தே வெளையலன்னு சொல்லவா?"

அவள் ஒரு துணியை உதறி மடித்தாள்.

"கேட்டுக்கோ. நா இந்த வாட்டி லீவு போட்டுட்டு வர்றேன். மேட்ச்சுல ஒரு பந்து, ஒரே ஒரு பந்து உன்னாண்ட வர்ணும். நீ புடி, வுடு, மூஞ்சில வாங்கு, எனக்கு அத்தப் பத்தி இல்ல. வந்துச்சுன்னா ஆயுசுக்கும் நா வாயத் தொறக்க மாட்டேன், எல்லா ஞாயித்துக்கெழமையும் நீ பார்க்கிங்ல போயி உருளு. வர்லன்னா இந்த முட்டிக் கவசம் பரணுக்குப் போவுது. சரியா?"

"சரி."

"யார் மேல சத்தியம்?"

"ஃபோர்க்லிஃப்ட் மேல."

ஜெனிட்டா ஏற்றுக்கொண்டாள். அவன் வேறெதையும் அத்தனை பத்திரமாக வைத்திருந்ததில்லை.

இறுதி ஆட்டத்துக்கு முதல் நாள் பயிற்சி முகாம். இடம், கிழக்குக் கடற்கரைச் சாலையில் மாமல்லபுரத்துக்குச் சற்று முன்னால் ஒரு ஏசி கல்யாண மண்டபம். பன்னிரண்டு வீரர்களும் மட்டையோடு வந்தார்கள். மட்டைகளை வாங்கி ஒரு மூலையில் வைத்துவிட்டு, கையில் ஆளுக்கொரு பூங்கொத்தைக் கொடுத்தார் ஜானகிராமன். காலை முழுக்கப் பூங்கொத்து கொடுக்கும் பயிற்சி. பிறகு வரிசையாக நின்று கைதட்டும் பயிற்சி. காஷ்மீரின் கைதட்டல் சுருதி சேரவில்லை என்று ஜுனைத்துக்குத் திட்டு விழுந்தது.

"சார், கொஞ்ச நேரம் பந்தத் தொட்டுப் பாக்கலாமா?" என்று ஸ்டான்லி கேட்டான்.

ஜானகிராமன் அவனைப் பரிதாபமாகப் பார்த்தார். "தம்பி, ஆட்டத்த எவன் வேணும்னாலும் ஆடிட்டுப் போயிடலாம். தெருவுல பசங்க ஆடறாங்க. லீக் நடத்தறதுதான் கஷ்டம். நாலு வருஷமா நம்ம லீக்ல ஒரு காயம் உண்டா? ஒரு ஃபவுல் உண்டா? ஒருத்தனுக்கு ஒருத்தன் சட்டையப் புடிச்சது உண்டா? உலகத்துலயே இப்படி ஒரு லீக் கெடையாது. ஆடி அந்த ரெக்கார்டக் கெடுத்துக்கச் சொல்றியா?"

அது மட்டுமில்லாமல் அவனுக்கு ஒரு பொறுப்பும் கொடுத்தார். சிறப்பு விருந்தினர் முதல் அடி அடித்து ஆட்டத்தைத் துவக்கி வைப்பார். பந்து வலைக்குள் போக வேண்டும். போகும்போது கோல்கீப்பர் எதிர்ப் பக்கம் விழ வேண்டும். விழுந்துவிட்டு, 'அடடா, இப்படி ஓர் அடியா' என்று வியக்க வேண்டும். அந்த வியப்பை ஸ்டான்லி பல முறை செய்து காட்டினான். புருவம் இன்னும் ஏற வேண்டும் என்றார் ஜானகிராமன்.

இரவு சாப்பிடும்போது ஸ்டான்லி நைசாகக் கேட்டான். "ஜெனி, விருந்தினர் அடிக்கிற பந்து கணக்குல சேருமா?"

"அது பந்தா? அது ரிப்பன் வெட்ற கத்திரிக்கோலு. மேட்ச்சுலன்னு சொன்னேன். மேட்ச்சுல."

மறுநாள் மதியம் மண்டபத்தில் காலைக் கல்யாணம் முடிந்து, சாயங்கால ரிசப்ஷனுக்கு முந்தைய இடைவெளியில் தேசத்தின் உச்சப் பிரிவு இறுதி ஆட்டம். மணவறையைப் பிரிக்க நேரமில்லாததால் ராஜஸ்தானின் கோல் கம்பத்தை அதற்கு முன்னாலேயே வைத்துவிட்டார்கள். ஸ்டான்லிக்குப் பின்னால் தர்மோகோலில் இரண்டு அன்னங்கள் முத்தமிட்டுக்கொண்டிருந்தன. தரையெங்கும் அட்சதை. ஆடுகளத்தைச் சுற்றி முழங்கால் உயரத்துக்குப் பலகை இருக்க வேண்டும் என்பது விதி. பலகைக்குப் பதில் சிறப்பு விருந்தினரின் படம் போட்ட ஃப்ளெக்ஸ்களைப் படுக்க வைத்துக் கட்டியிருந்தார்கள். ஆகவே ஒரு கூடுதல் விதியும் பிறந்தது. பந்து அண்ணன் படத்தில் படக் கூடாது. பட்டால் ஃபவுல்.

அண்ணன் என்பவர் சின்னையன். கடற்காற்று மேம்பாட்டு வாரியத்தின் தலைவர். கடற்காற்றை எப்படி மேம்படுத்துவது என்று நீங்கள் கேட்கலாம். அவரும் அதைத்தான் பதவியேற்ற நாளிலிருந்து ஆராய்ந்துகொண்டிருந்தார்.

அவர் வருவதற்குத் தாமதமானது. வீரர்கள் உட்காரக் கூடாது என்பதால் நின்றார்கள். ஸ்டான்லி மட்டும் பழக்க தோஷத்தில் தன் இடத்தில் முட்டி போட்டிருந்தான். எதிர்க் கோடியில் காஷ்மீர் கீப்பரும் அப்படியே. கடைசி வரிசையில் ஜெனிட்டா கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

சின்னையன் மேளதாளத்தோடு உள்ளே நுழைந்தார். நுழைந்தவர் நின்றார். முட்டி போட்டிருந்த ஸ்டான்லியைப் பார்த்தார். அவர் கண்கள் கலங்கின.

"எழுந்திரு தம்பி, எழுந்திரு. இன்னாத்துக்கு இதெல்லாம்? இந்தக் காலத்துல இப்படி மரியாத தெரிஞ்ச புள்ளயா!" என்று ஓடிவந்து அவன் தலையில் கையை வைத்தார்.

"சார், நான் கோல்கீப்பர்..."

"யாரா இருந்தா இன்னா? குணம் முக்கியம்." தன் கழுத்தில் அப்போதுதான் விழுந்த பொன்னாடையைக் கழற்றி அவனுக்குப் போர்த்தினார். பிறகு நிமிர்ந்து மற்றவர்களை ஒரு பார்வை பார்த்தார். பன்னிரண்டு பேரில் இரண்டே பேர் முட்டி போட்டிருந்தார்கள். பத்துப் பேர் கம்பீரமாக நின்றுகொண்டிருந்தார்கள். அவர் முகம் லேசாக மாறியது.

ஜானகிராமன் அனுபவசாலி. முகம் முழுதாக மாறும்வரை காத்திருக்கவில்லை. கண்ணைக் காட்டினார். பத்துப் பேரும் தடதடவென்று முட்டி போட்டார்கள். ஒரு நொடி யோசித்துவிட்டு விசிலோடு நடுவர் ஜான்சனும் போட்டார்.

"மச்சான், அட்சத குத்துதுடா," என்று ஜுனைத் தூரத்திலிருந்து முனகினான்.

"எனக்குப் பழகிடுச்சு," என்றான் ஸ்டான்லி.

ஃப்ளோர்பாலில் ஆட்டத்துக்கு மூன்று பகுதிகள். நம் லீகிலும் மூன்று பகுதிகள்தான்: வரவேற்புரை, சிறப்புரை, நன்றியுரை. இடையில் நேரமிருந்தால் ஆட்டம். ஜானகிராமனின் வரவேற்புரையில் மேடையில் இருந்த எல்லோரும், அவர்களுடைய அப்பாக்களும், வாசலில் நின்ற கார்களும் வரவேற்கப்பட்டார்கள். பிறகு சின்னையன் மைக்கைப் பிடித்தார்.

"இது இன்னா ஆட்டம்னு வர்ற வழில கார்லதான் கேட்டேன். கேட்டதுமே எனக்குப் புடிச்சுப் போச்சு. வேற ஆட்டத்துல எல்லாம் பசங்க தலகால் தெரியாம ஓடுறாங்க. இங்க பாரு, எல்லாரும் முட்டி போட்டுகினு அமைதியா கீறாங்க. இதான்யா நம்ம கலாச்சாரம்!"

கைதட்டல். காஷ்மீரும் இன்று சுருதி சேர்ந்தது.

"இன்னொண்ணு. பந்தக் காட்டுனாங்க. பாத்தேன். பூராவும் ஓட்ட! எனக்கு வயிறு எரிஞ்சுது. இந்த ஏழ புள்ளைங்களுக்கு ஓட்டப் பந்த வாங்கிக் குடுத்தது யாரு? போன நிர்வாகமா? எவனா இருந்தாலும் வுட மாட்டேன். அடுத்த வருசத்துக்குள்ள ஓட்ட இல்லாத பந்து வாங்க ஏற்பாடு பண்றேன். இது சத்தியம்!"

பந்து எப்போதும் அப்படித்தான் இருக்கும் என்று சொல்ல நடுவர் ஜான்சன் வாயெடுத்தார். ஜானகிராமன் அவரைப் பார்த்த பார்வையில் விசிலை வாயில் வைத்து அடைத்துக்கொண்டார். விசாரணைக் குழு ஒன்று மேடையிலேயே ஒருமனதாக அமைக்கப்பட்டது.

இதற்குள் பின்பக்கத்தில் ரிசப்ஷனுக்கான தவலைகள் இறங்கத் தொடங்கிவிட்டன. மல்லிகைப் பந்துகளோடு அலங்காரக்காரர்கள் வாசலில் நின்று கடிகாரத்தைப் பார்த்தார்கள். ஸ்டான்லி ஜெனிட்டாவைப் பார்த்தான். அவள் விரலை உயர்த்திப் பரண் இருக்கும் திசையைக் காட்டினாள். அந்த மண்டபத்தில் பரணே இல்லை, ஆனாலும் அவனுக்குப் புரிந்தது.

ஜானகிராமன் அவன் காதருகே குனிந்தார். "தம்பி, இப்ப அண்ணன் அடிப்பாரு. நீ எதிர்ப் பக்கம் வுழு. அண்ணன் சந்தோஷமா கெளம்பிடுவாரு. அப்புறம் நன்றியுரையச் சுருக்கிட்டு ஒரு பத்து நிமிஷம் உங்கள ஆட வுடறேன். எங்க அம்மா மேல ஆணை."

பத்து நிமிடம் நிஜ ஆட்டம்! பத்து நிமிடத்தில் ஜுனைத் எத்தனை பந்து அடிப்பான்! ஸ்டான்லி எந்தப் பக்கம் வேண்டுமானாலும் விழத் தயாராக இருந்தான். புருவத்தை இரண்டு முறை ஏற்றி இறக்கிப் பார்த்துக்கொண்டான்.

சின்னையன் வேட்டியை மடித்துக் கட்டினார். மட்டையைத் துடைப்பம் மாதிரி பிடித்தார். ஓங்கி அடித்தார். மட்டை காற்றில் போனது. கடற்காற்று வாரியத் தலைவர் அல்லவா. பந்து இருந்த இடத்திலேயே இருந்தது. "ஒத்திக, ஒத்திக," என்று ஜானகிராமன் மைக்கில் சொன்னார். மறுபடி ஓங்கினார். காலடியில் அட்சதை வழுக்கியது. விழப் போனவர் தடுமாறி மட்டையைச் சுழற்ற, அது பந்தின் அடியில் தற்செயலாகப் போய் மாட்டியது. அவ்வளவுதான். பந்து துப்பாக்கியிலிருந்து புறப்பட்ட மாதிரி கிளம்பி, வலையின் வலது மேல் மூலையைப் பார்த்து வந்தது. உலக லீகுகளில் ஆடுகிறவர்கள்கூட வருஷத்துக்கு ஒன்றிரண்டுதான் அப்படி அடிப்பார்கள்.

ஸ்டான்லி எதிர்ப் பக்கம் விழ வேண்டும் என்று நினைத்தான். நினைத்தது மூளை மட்டும்தான். நான்கு சீசனாகக் காத்திருந்த கைக்கு அந்தச் செய்தி போய்ச் சேரவில்லை. பொன்னாடை பறக்க, உடம்பு வலது பக்கம் பாய்ந்தது. 'டப்' என்று ஒரு சத்தம். பந்து அவன் உள்ளங்கைக்குள் இருந்தது.

மண்டபத்தில் அன்னங்களைத் தவிர யாரும் அசையவில்லை. அன்னங்கள் ஏசிக் காற்றில் ஆடின.

பிறகு கடைசி வரிசையிலிருந்து ஒரு விசில் வந்தது. இரண்டு விரலை வாயில் வைத்து அடித்த விசில். ஜெனிட்டா எழுந்து நின்றிருந்தாள்.

"இன்னா இது?" என்றார் சின்னையன். "இன்னாத்துக்குப் புடிச்சான்?"

"உணர்ச்சிவசப்பட்டுட்டான் அண்ணே. நீங்க அடிச்ச பந்தத் தரையில வுட மனசு வரல அவனுக்கு," என்றார் ஜானகிராமன்.

மறுபடி அடிக்க முடிவானது. இந்த முறை ஸ்டான்லி மனப்பூர்வமாக இடது பக்கம் தாவினான். சின்னையனின் குறி அப்படி. பந்தும் இடது பக்கம் வந்து அவன் தோளில் மோதித் திரும்பியது. அடுத்த முறை அவனைக் களத்துக்கு வெளியே மணவறை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டார்கள். காலி கோல். பந்து கம்பத்தில் பட்டு நகர்ந்தது. அதற்கடுத்தது பாதி வழியில் களைத்து நின்றுவிட்டது.

சின்னையனுக்கு வேர்த்துவிட்டது. "கோலையே கோணலா வெச்சிக்கினு என்னக் கிண்டல் பண்றீங்களா? நா கெளம்புறேன்!"

ஜானகிராமன் ஒருகணம் கண்ணை மூடினார். பெரிய நிர்வாகிகளுக்கு அந்த ஒருகணம் போதும். "பந்துதான் கோலுக்குப் போவணும்னு எந்த விதியில இருக்கு?" என்று கேட்டுவிட்டுக் கையை அசைத்தார். நான்கு தொண்டர்கள் ஓடிப்போய்க் கோல் கம்பத்தைத் தூக்கினார்கள். வலையோடு தூக்கிக்கொண்டு வந்து, பாதி வழியில் அக்கடாவென்று கிடந்த பந்தின் மேல் கவிழ்த்தார்கள்.

"கோல்!" என்று நடுவர் ஜான்சன் விசிலடித்தார். மேளம் முழங்கியது. சின்னையன் இரு கையையும் தூக்கினார். மாலை விழுந்தது.

இதற்குள் வாசலில் மாப்பிள்ளை வந்துவிட்டார். ஆர்க்கெஸ்ட்ரா வயலினைச் சுருதி சேர்த்தது. பத்து நிமிட ஆட்டம் என்ற பேச்சு எங்கே போனதென்று தெரியவில்லை. ஜானகிராமனின் அம்மாவுக்கு ஒன்றும் ஆகவில்லை என்று நம்புவோம். அவர் அவசரமாக மைக்கைப் பிடித்தார்.

"பெரியோர்களே! நேரமின்மை காரணமாகச் செயற்குழு இங்கேயே கூடி ஒருமனதாக ஒரு தீர்மானம் நிறைவேற்றியுள்ளது. அண்ணன் அடித்தது வெறும் துவக்க அடி அல்ல. ஆட்டத்தின் அங்கமே என்று இதன் மூலம் அறிவிக்கப்படுகிறது. ஆகவே ஒன்றுக்குப் பூஜ்ஜியம் என்ற கோல் கணக்கில் காஷ்மீர் தேசியச் சாம்பியன்! ஆட்ட நாயகன், அண்ணன் சின்னையன்!"

"சார், அப்போ அண்ணன் எங்க காஷ்மீருக்கா ஆடுனாரு?" என்றான் ஜுனைத்.

"இதயத்தால்!" என்றார் ஜானகிராமன்.

மணவறை நாற்காலியில் உட்கார்ந்திருந்த ஸ்டான்லிக்குக் கண் இருட்டியது. பரண் தெரிந்தது. அதில் பழைய குக்கருக்கும் கிறிஸ்துமஸ் ஸ்டாருக்கும் நடுவில் முட்டிக் கவசம் தெரிந்தது. எழுந்து கவசத்தின் பட்டையைக் கழற்றத் தொடங்கினான்.

"யோவ் செகரட்டரி சார்!"

ஆர்க்கெஸ்ட்ரா நின்றது. மூன்றாவது மாடிவரை போகும் குரல் அந்தத் தரைத்தள மண்டபத்துக்கு ரொம்பவே தாராளம். ஜெனிட்டா நாற்காலி மேல் ஏறி நின்றிருந்தாள்.

"இப்ப நீ சொன்னதத் திருப்பிச் சொல்லு. அவரு அடிச்சது மேட்ச்சுல சேர்ந்துதா?"

"ஆமாம்மா. ஒருமனதாக."

"எல்லா அடியுமா? கடசி அடி மட்டுமா?"

ஜானகிராமன் சின்னையனைப் பார்த்தார். அண்ணன் அடித்ததில் சிலது செல்லும், சிலது செல்லாது என்று அவர் முகத்துக்கு நேரே எப்படிச் சொல்வது? "அண்ணனுடைய ஒவ்வோர் அடியும் ஆட்டத்தின் அங்கமே!"

"அப்ப மொத அடிச்சாரே, பேய் மாறி ஒரு அடி, அது மேட்ச்சு பந்து. அத்த எம் புருசன் புடிச்சான். ரெண்டாவது தோள்ல வாங்குனான். சரியா? மைக்குல சொல்லிட்ட, மாத்தக் கூடாது." திரும்பி ஸ்டான்லியைப் பார்த்தாள். "ஏய் ராஜஸ்தான்! கவசத்த மாட்டு. கழட்டாத. ஒண்ணு கேட்டேன், ரெண்டு வந்துச்சு!"

ஸ்டான்லி அப்படியே முட்டி போட்டுவிட்டான். அந்த ஒருமுறை மட்டும் போதகர் சொன்னது உண்மை.

மனைவி அனுமதித்துவிட்டாள், மகாசம்மேளனம் விடுமா? ஒழுங்கு நடவடிக்கைக் குழு கூடியது. பந்தைப் பிடித்தான் என்று குற்றம் சாட்டினால் அண்ணனின் அடி பிடிபட்டது என்று ஆகிவிடும். அதனால் யோசித்து யோசித்து வேறு குற்றம் கண்டுபிடித்தார்கள்: 'விழா நடந்துகொண்டிருந்தபோது விளையாட்டில் ஈடுபட்டது.' தண்டனை, ஆயுள் தடை. ஸ்டான்லி அதைக் கேட்டு ஜுனைத்தைப் பார்த்தான். ஜுனைத் பார்க்கிங்கைப் பார்த்தான். அடுத்த ஞாயிற்றுக்கிழமை பார்க்கிங்கில் இருவருமாக மாலைவரை ஆடினார்கள். அதற்கடுத்த ஞாயிறு அசாமும் பஞ்சாபும் வந்து சேர்ந்தன. வரவேற்புரை கிடையாது. நிறைய காயம், வாரம் ஒரு சண்டை.

இனி எந்த கோல்கீப்பரையும் நம்புவதற்கில்லை என்று சின்னையன் கறாராகச் சொல்லிவிட்டார். எழுந்திருக்காத, பாயாத, எப்போதும் முட்டி போட்டே இருக்கிற ஆள் வேண்டும். மாமல்லபுரம் பக்கத்தில் இருக்கும்போது அதற்கென்ன பஞ்சம்? அடுத்த சீசனுக்கு முன்னால் ஒரு சிற்பக் கூடத்தில் சொல்லி, கருங்கல்லில் கோல்கீப்பர் செய்தார்கள். மாதிரிக்கு மகாசம்மேளனத்திடம் இருந்த ஒரே கோல்கீப்பர் புகைப்படம் ஸ்டான்லியுடையது. கைகளைக் கூப்பி, பொன்னாடையோடு, முழங்காலில் கல் ஸ்டான்லி வலைக்கு முன்னால் அமர்த்தப்பட்டான். கிரேன் வந்துதான் இறக்கியது.

துவக்க விழாவைப் பார்க்க ஸ்டான்லியும் ஜெனிட்டாவும் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். ஆடத்தான் தடை, பார்க்க இல்லை. சின்னையன் ஒரு வருடம் ரகசியமாகப் பயிற்சி எடுத்திருந்தார் போலும். மட்டையை ஒழுங்காகப் பிடித்து, நேராக, பலமாக அடித்தார். அவர் வாக்களித்த ஓட்டை இல்லாத பந்து நேராகவும் பலமாகவும் போய்க் கருங்கல் மூக்கில் மோதி, போன வேகத்தைவிட அதிக வேகத்தில் திரும்பி, ஃப்ளெக்ஸில் சிரித்துக்கொண்டிருந்த அண்ணனின் வாயைக் கிழித்துக்கொண்டு வெளியே போனது.

நடுவர் ஜான்சன் பழக்கத்தில் விசிலடித்துவிட்டார். "ஃபவுல்!"

மேடையில் ஒரே களேபரம். ஜானகிராமன் மைக்கைத் தேடினார். அன்று சாயங்காலமே அந்தச் சிலைக்கும் ஒருமனதாக ஆயுள் தடை விதிக்கப்பட்டது. தூக்கிக்கொண்டு போகத்தான் யாருக்கும் முடியவில்லை. இன்றும் அது அந்த மண்டபத்தில்தான் இருக்கிறது. கல்யாணத்துக்கு வருகிறவர்கள் ஏதோ முனிவர் என்று நினைத்துக் குங்குமம் வைத்துவிட்டுப் போகிறார்கள்.

பந்து மோதிய அந்த நொடியில் ஜெனிட்டா பக்கத்தில் இருந்த அசல் மூக்கைத் தொட்டுப் பார்த்தாள்.

"வலிக்குதா?"

"இல்லயே."

"சரி," என்றாள். "மூணாவது பந்து."